ஏழாம் கட்டம்

படிவத்தின் ஏழாம் கட்டம் கேட்கிறது:
முன்னைய உள்ளூராட்சி அலகு, தோற்றம், கலைப்பு.
விட்டிருக்கும் இடம் அரை அங்குலம்.
இத்திமுறிப்புக் கிராமசபை என்று எழுதினாலே
பேனை கோட்டைத் தாண்டிவிடுகிறது.

தோற்றம், ஐம்பத்திரண்டு மாசி.
முதலில் கிராமச் சங்கம். பிறகு சபை.
பலகையில் பின்பாதியை மட்டும் சுரண்டி எழுதினார்கள்,
பெயின்ற் மிச்சம் என்று.
மூன்று குளம், ஐந்து வட்டாரம்.
ஐந்தாவதில் யானைக்குப் பயந்து
முக்கால்வாசிப் பேர் எழும்பிப் போக
எஞ்சிய வாக்காளர் பதினொருவர்.
அதிலும் போட்டி.
வேதாரணியமும் அவர் மச்சான் கோணாமலையும்.
ஆறுக்கு ஐந்து.
பிறகு ஒரே வாய்க்காலில்
இருவரும் வேறு வேறு நேரம் குளித்தது
கூட்டக் குறிப்பில் இல்லை,
ஓவசியரின் மகன் சொன்னது.

குறிப்பேடு ஒன்றுதான் மிஞ்சியது.
எழுபத்தொன்பதில் ஒரு மாட்டு வழக்குக்காக
வவுனியாக் கோட்டுக்குத் தடயமாகப் போய்
திரும்பி வராததால் மிஞ்சியது.
திரும்பி வந்த மற்றவை
கந்தோரோடு போயின.
கந்தோர் எப்போது போனதென்று
ஆளுக்கொரு திகதி சொல்கிறார்கள், நான் எழுதவில்லை.

ஏட்டில் இருப்பவை:
வண்டில் வரி. சைக்கிள் தகட்டுக்கு ஒரு ரூபா.
சந்தைக் கூரைக்குக் கிடுகு.
கூட்டத்துக்கு வெற்றிலை வாங்கிய காசைத்
தவிசாளர் திருப்பிக் கட்டவேண்டும் என்ற பிரேரணை, தோல்வி.
குளக்கட்டிலிருந்து ஆஸ்பத்திரிக்குப்
பன்னிரண்டடி ரோட்டு,
ஏகமனதாக நிறைவேறியது.
அடுத்த வருசமும் ஏகமனதாக.
ஏழு தரம் எண்ணினேன்.
அங்கே இன்றும் வீரையும் பாலையும்தான்.

கலைப்பு, எண்பத்தொன்று.
எல்லாச் சபைகளுக்கும் சேர்த்து ஒரு அறிவித்தல்.
எங்கள் பெயர் அதில் இல்லை.
கடைசிக் கிளாக்கர் முத்திரையை வீட்டுக்குக் கொண்டுபோய்
நெல்மூடைகளுக்குக் குத்தினாராம்,
களவுபோனால் அடையாளம் சொல்ல.

இவ்வளவும் தேட நேர்ந்தது சரசமலரால்.
உறுதியை லாம்பெண்ணெய் மணக்கும் பையிலிருந்து எடுத்து
மேசையில் விரிப்பா.
வடக்கே எல்லை, கிராமசபைக் கல்.
இப்போது கல்லுக்கு அந்தப் பக்கம் ஒரு செயலகம்,
இந்தப் பக்கம் இன்னொன்று.
அவை இவையிடம் அனுப்ப
இவை அவையிடம் அனுப்ப
ஒன்பதாம் தரம் வந்தபோது கேட்டா:
"சபையைத்தானே கலைச்சவை, கல்லையுமோ?"

கல் கிடைத்தது மிதிவெடி எடுத்தவர்களின் பட்டியலில்.
அளவு, ஆழம், ஆபத்தற்ற பொருள்.
மோட்டார்சைக்கிளில் போனோம்.
வீரை மரத்தடியில் இடுப்பளவு கருங்கல்,
இ.மு.கி.ச. என்று உளியெழுத்து.
ஒரு முகத்துக்கு வெள்ளை பூசியிருந்தார்கள்,
மறுமுகத்துக்குச் சிவப்பு.
தேடி முடிந்தது தெற்கே.
தேடாதது வடக்கே.
இருபத்தொன்பது வருசம் இருந்த சபைக்கு
அந்தக் கோட்டை இவ்வளவு பேர்
மதித்து நடந்ததில்லை.

சரசமலர் வெள்ளைப் பக்கம் நின்று
கைப்பையைக் கல்லின்மேல் வைத்தா.
செருப்பைக் கழற்றிவிட்டு
அடிமேல் அடி வைத்து அளந்தா.
நான் எண்ணினேன்.
அறுபதில் எனக்குக் கணக்குத் தவறிவிட்டது,
திரும்பவும் கல்லிலிருந்து.

படிவம் போன கிழமை திரும்பி வந்தது.
ஏழாம் கட்டத்துக்கு இணைப்புத் தாள் ஏற்கப்படாது,
பொருந்தாது என நிரப்பவும்.
நிரப்பவில்லை இன்னும்.

நேற்று சரசமலர் போன் எடுத்தா.
கதியால் போட்டாச்சாம், மூன்று பக்கமும் இறுக்கி.
வடக்கே மட்டும் கல்லிலிருந்து
பன்னிரண்டடி உள்ளே தள்ளி.
ஏன் காணியை விட்டீங்கள் என்றேன்.
"ரோட்டுக்கு" என்றா.
"ஏழு தரம் பாஸ் பண்ணினது எண்டு
நீங்கள்தானே சொன்னனீங்கள்."